பாசி மிதவைக் கணக்கை ஐந்து குழுக்கள் சேர்ந்து எழுத என்ன வழி?

கேள்வி: வடகடல் கணக்கர்

அனைவருக்கும் வணக்கம். மண்டபம் பக்கம், வடகடல் ஓரத்தில் கடற்பாசி வளர்க்கும் ஐந்து மகளிர் குழுக்களுக்கு நான் கணக்கு எழுதித் தருகிறேன். எனக்குக் கணினி எக்செல் அளவில்தான் தெரியும். இத்தனை நாள் ஓடிக்கொண்டிருந்த முறை சென்ற மாதம் முற்றிலும் குழம்பிப் போனதால், அனுபவம் உள்ளவர்களிடம் வழி கேட்கலாம் என்று எழுதுகிறேன்.

தொழில் அறியாதவர்களுக்காகச் சற்று விளக்கிவிடுகிறேன். 12 அடிக்கு 12 அடி மூங்கில் மிதவை ஒன்றில் 20 கயிறுகள் கட்டி, ஒவ்வொரு கயிற்றிலும் 20 இடங்களில் ஏறக்குறைய 150 கிராம் விதைப்பாசியை முடிந்துவிடுவார்கள். ஆக மிதவை ஒன்றுக்கு 400 முடிச்சு, 60 கிலோ விதை. கடல் ஒத்துழைத்தால் 45 நாளில் அது சுமார் 260 கிலோ ஆகும். மறுபடி கட்டுவதற்கு 60 கிலோவை எடுத்துவிட்டு மீதி 200 கிலோவைக் காயப்போட்டால் 20 கிலோ அளவுக்குக் காய்ந்த பாசி கையில் நிற்கும். ஆளுக்கு 45 மிதவை என்று வைத்திருப்பதற்குக் காரணமும் இந்த 45 நாள்தான். நாளுக்கு ஒன்றாகக் கட்டிக்கொண்டே போனால், பிறகு நாளுக்கு ஒன்றாக அறுத்துக்கொண்டே வரலாம். குழுவுக்கு 5 பேர், 225 மிதவை. ஐந்து குழுவுக்கும் சேர்த்து 1,125 மிதவை. எது எப்போது கட்டப்பட்டது, எப்போது அறுக்க வேண்டும், யாருடைய விதை அழிந்து யாரிடம் விதைக்கடன் வாங்கினார்கள், காய்ந்த எடை எவ்வளவு என்பதெல்லாம் ஒரே கணக்கில் சேர வேண்டும், ஏனென்றால் ஐந்து குழுவும் வியாபாரியிடம் ஒன்றாகத்தான் எடை போடுகின்றன.

இதற்கு ஓர் எக்செல் கோப்பு வைத்திருக்கிறேன். அதை வாட்ஸ்அப்பில் அனுப்புவேன். ஒவ்வொரு குழுவிலும் படித்த பெண் ஒருவர் தம் கைபேசியில் திறந்து, தம் பகுதியை நிரப்பித் திருப்பி அனுப்புவார். என் கணினியில் இப்போது ‘கடைசி’, ‘கடைசி 2’, ‘இதுதான் கடைசி’ என்ற பெயர்களில் கோப்புகள் கிடக்கின்றன. சென்ற மாதம் ஒரே மாலையில் இரண்டு குழுக்கள் நிரப்பி அனுப்பின. பின்னால் வந்ததை எடுத்துக்கொண்டு முன்னதை மறந்துவிட்டேன். முதல் குழு அறுத்த 11 மிதவைகளின் கணக்கு அப்படியே காணாமல் போய்விட்டது. போதாக்குறைக்கு, 120 கிலோ விதைக்கடனைக் கொடுத்தவரும் வாங்கியவரும் தனித்தனியே எழுதியதால் அது 240 கிலோவாக ஏறி நின்றது. பாசி காயப்போடும் களத்திலேயே சண்டை மூண்டு, இரவு பதினொரு மணி வரை கோப்புகளை ஒப்பிட்டுப் பார்த்துச் சரிசெய்ய வேண்டியதாயிற்று. தவறு என்னுடையதுதான். ஆனால் இந்த முறை இருக்கும் வரை அது திரும்பவும் நடக்கும்.

சிக்கல்களையும் சொல்லிவிடுகிறேன். கரையில் சிக்னல் விட்டுவிட்டுத்தான் கிடைக்கும். மாதச் சந்தா கட்டும் வசதி குழுக்களுக்கு இல்லை. என்ன செய்யலாம்?

பதில்: கீழக்கரைக்காரன் (சென்னையில் மென்பொருள் வேலை)

ஐயா, உங்களுடைய சிக்கல் கவனக்குறைவால் வந்ததன்று. கோப்பை அனுப்பும் ஒவ்வொரு முறையும் ஒரு நகல் பிறக்கிறது; பிறந்த நகல்கள் ஒன்றையொன்று அறியா. ஆகவே கோப்பை அனுப்புவதை நிறுத்திவிட்டு, கோப்பு ஓரிடத்தில் இருக்க, எல்லாரும் அங்கே வந்து எழுதும்படி செய்ய வேண்டும். கூகுள் ஷீட்ஸ் இதற்குப் போதும், கட்டணம் இல்லை. உங்களுடைய எக்செல் கோப்பை அதில் ஏற்றி, ஐந்து பெண்களுடைய மின்னஞ்சல் முகவரிக்கு மட்டும் திருத்தும் உரிமை கொடுங்கள். ‘இணைப்பு வைத்திருக்கும் எவரும் திருத்தலாம்’ என்ற வசதியைத் தொடவே வேண்டாம். அந்த இணைப்பு ஒரு நாள் இல்லையென்றால் ஒரு நாள் வேறு குழுவுக்குப் போய்ச் சேரும்.

ஒரே ஆவணத்தில் பலர் ஒரே நேரத்தில் எழுதுவது புதுக் கற்பனை அல்ல. 1968 டிசம்பர் 9 அன்று சான் பிரான்சிஸ்கோவில் டக்ளஸ் எங்கல்பார்ட் என்பவர் மேடையில் இருந்துகொண்டே, ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தள்ளி ஆய்வுக்கூடத்தில் இருந்த தம் சகாவுடன் ஒரே திரையில் ஒரே உரையில் வேலை செய்து காட்டினார். அதைச் சிக்கலில்லாமல் செய்வதுதான் கடினமாக இருந்தது. ‘மிதவையில் பாசி 20 கிலோ’ என்ற வரியைத் திருத்துவதாக வைத்துக்கொள்ளுங்கள். ஒருவர் நடுவில் ‘காய்ந்த’ என்ற சொல்லைச் சேர்க்கிறார். அதே நொடியில் இன்னொருவர் கடைசிச் சொல்லை அழிக்கிறார். இரண்டாமவருடைய கட்டளை ‘நான்காம் சொல்லை அழி’ என்று போகும். ஆனால் முதலாமவர் ஒரு சொல்லை நுழைத்துவிட்டதால், நான்காம் சொல் இப்போது ‘20’ ஆகிவிட்டது. அந்தக் கட்டளையை அப்படியே நிறைவேற்றினால் எண் போய்விடும், ‘கிலோ’ மட்டும் மிஞ்சும். ஆகவே பின்னால் வரும் கட்டளையை ‘ஐந்தாம் சொல்லை அழி’ என்று மாற்றிக்கொடுக்கும் வேலையை நிரலே செய்ய வேண்டும். இதற்கான முறையை 1989-இல் எல்லிஸ், கிப்ஸ் என்ற இருவர் வெளியிட்டார்கள். கூகுள் டாக்ஸ் அந்த வழியில் வந்ததுதான்.

ஆனால் ஷீட்டில் ஒரே கட்டத்தில் இருவர் இரண்டு எண்களை எழுதினால் எந்த நிரலும் நியாயம் சொல்லாது. பின்னால் வந்து சேர்ந்த எண் நிற்கும், முன்னது போய்விடும். சிக்னல் இல்லாத இடத்தில் எழுதி, வீட்டுக்கு வந்தபின் சேரும்போது இது இன்னும் எளிதாக நடக்கும். ஆகவே தாளை அமைக்கும் விதம்தான் முக்கியம். இப்போது உங்கள் கோப்பு பேரேடு போல இருக்கிறது என்று ஊகிக்கிறேன்: மிதவைக்கு ஒரு வரிசை, அதில் இருக்கும் எண்ணை அழித்துப் புது எண்ணை எழுதுவது. அதை விட்டுவிட்டு, கடைக்கணக்கில் நாளேடு எழுதுவதைப் போல எழுதச் சொல்லுங்கள். நடந்த ஒவ்வொன்றுக்கும் புதிதாக ஒரு வரிசை: தேதி, மிதவை எண், என்ன செய்தது, எத்தனை கிலோ, எழுதியவர் பெயர். செய்தவை நான்கே: கட்டியது, அறுத்தது, விதை கொடுத்தது, காய்ந்த எடை. விதைக்கடனைக் கொடுத்தவர் மட்டுமே எழுத வேண்டும், வாங்கியவர் எழுதக் கூடாது என்று வைத்துவிட்டால் 120 கிலோ 240 ஆகாது. தவறாக எழுதியதை அழிக்காமல், அடுத்த வரிசையில் கழித்து எழுதட்டும். நம் பாட்டனார் காலத்துக் கணக்குப்பிள்ளைகளும் அப்படித்தான் செய்தார்கள். குழுவுக்கு ஒரு தாளாக ஐந்து நாளேடுகள் இருக்கட்டும். பேரேட்டை ஆறாவது தாளில் சூத்திரம் போட்டு ஷீட்டே எழுதிக்கொள்ளும்; அந்தத் தாளில் உங்களைத் தவிர யாரும் கை வைக்க முடியாதபடி பூட்டிவிடுங்கள். கட்டிய தேதியோடு 45-ஐக் கூட்டினால் அறுக்க வேண்டிய நாள் வந்துவிடும். நாள் கடந்தால் சிவப்பாகும்படியும் வைத்துக்கொள்ளலாம். யார் எப்போது எதை மாற்றினார் என்பது பதிப்பு வரலாற்றில் பதிந்திருக்கும். களத்துச் சண்டைக்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது.

பதில்: பாம்பன் துறை

தம்பி சொன்னது சரி. கணினி தெரியாதவன் என்ற முறையில் அதை வேறு விதமாகச் சொல்கிறேன். எங்கள் துறைமுகத்தில் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றுவார்கள். ஒன்றிலிருந்து பதினொன்று வரை எண் உண்டு. மூன்றாம் எண் ஏற்றியிருக்கிறது என்றால் கரையில் இருக்கும் அத்தனை பேரும் ஒரே கம்பத்தைத்தான் அண்ணாந்து பார்க்கிறோம். யாரும் அதைத் தன் வீட்டுக்கு நகலெடுத்துக்கொண்டு போவதில்லை. இறக்கியபின் பழைய எண் எவன் வீட்டிலும் தங்கியிருப்பதும் இல்லை. வாட்ஸ்அப்பில் வரும் புயல் செய்தியோ போன வருடத்துப் படத்தோடு இன்றைக்கும் சுற்றிக்கொண்டிருக்கிறது. அதனாலேயே எங்கள் படகுக் குழுவில், ஹைதராபாத் இன்காய்ஸ் மையம் தரும் கடல் தகவலையும் வானிலை ஆய்வு மைய அறிக்கையையும் தவிர வேறு எதையும் போடக்கூடாது என்று கட்டுப்பாடு வைத்திருக்கிறோம். 2016 முதல் இங்கே ஒலிபரப்பாகும் கடல் ஓசை 90.4 சமுதாய வானொலியில் கேட்டதைக்கூட, கேட்ட நேரத்தோடுதான் எழுத வேண்டும்.

இரண்டு விஷயங்களைச் சேர்த்துக்கொள்ளுங்கள். கூண்டை ஏற்றும் பொறுப்பு துறைமுக அலுவலகத்துக்குத்தான் உண்டு. ஆளாளுக்கு ஏற்றினால் அது கூண்டு அல்ல. உங்கள் நாளேட்டிலும் குழுவுக்கு ஒருவர்தான் எழுத வேண்டும், அவர் ஊரில் இல்லாத நாளுக்கு மாற்று ஆள் யார் என்பதும் முன்பே முடிவாகியிருக்க வேண்டும். அடுத்தது, பேச்சு வேறு, பதிவு வேறு. ‘எங்கள் மிதவையை ஓரா மீன் மேய்ந்துவிட்டது, நாளைக்கு யாராவது 60 கிலோ விதை தர முடியுமா’ என்று கேட்பதற்கு வாட்ஸ்அப் குழுதான் நல்லது. தந்தபின் அது ஷீட்டுக்குப் போக வேண்டும். ஷீட்டுக்குள் வந்து பேச ஆரம்பித்தாலும், வாட்ஸ்அப்பையே கணக்காக வைத்துக்கொண்டாலும் பழைய கதைதான். படகில் விஹெச்எஃப் என்ற கம்பியில்லாப் பேச்சுக் கருவியில் ஊரே பேசிக்கொள்கிறோம். மீன் விற்ற கணக்கை யாரும் விஹெச்எஃப்பில் எழுதுவதில்லை.

பதில்: சின்னப்பாலம் அக்கா

ஆண்கள் இருவரும் நன்றாகவே எழுதியிருக்கிறீர்கள். ஆனால் கைபேசி யாரிடம் இருக்கிறது என்று இருவருமே கேட்கவில்லை. நான் இருபது வருடம் பாசி எடுத்தவள். எங்கள் குழுவின் நோட்டுப் புத்தகமும் என்னிடம்தான் இருந்தது. பல வீடுகளில் நல்ல கைபேசி ஒன்றுதான் உண்டு, அது வீட்டுக்காரரோடு கடலுக்குப் போய்விடும். மிதவை வேலை செய்கிறவளுக்கு மார்பளவு தண்ணீரில், கையில் துணியைச் சுற்றிக்கொண்டு கயிறு அவிழ்க்க வேண்டும். உப்புத்தண்ணீர் சொட்டும் விரலால் தொட்டால் தொடுதிரை தானாகத் தாவுகிறது. 20 என்று தொட்டால் 200 விழும். எழுத வேண்டிய இடம் கடல் அல்ல, கரையும் அல்ல. களத்தில் தராசுக்குப் பக்கத்தில் ஒரு நோட்டும் கயிற்றில் கட்டிய பேனாவும் கிடக்கட்டும். எடை போட்ட உடனே நோட்டில் எழுதி, மாலையில் வீட்டுக்கு வந்து கை கழுவியபின் அதைப் பார்த்து ஷீட்டில் ஏற்றலாம். நோட்டுப் பக்கத்தைப் படம் எடுத்து வைத்துக்கொண்டால் சந்தேகம் வரும்போது உதவும்.

மிதவை எண்ணைப் பற்றியும் யாரும் பேசவில்லை. மூங்கிலில் பெயின்டால் எழுதிய எண் இரண்டே அறுப்பில் உரிந்துவிடும், அல்லது அதன்மேல் சிப்பி ஒட்டிவிடும். பிறகு ‘கிழக்கே இருந்து ஏழாவது’ என்று சொல்ல ஆரம்பிப்பார்கள். காற்று மாறி நங்கூரம் நகர்ந்தால் ஏழாவது ஒன்பதாவது ஆகிவிடும். பழைய பிளாஸ்டிக் கேனை வெட்டி, சூட்டுக்கம்பியால் எண்ணைப் பொறித்து, மூலைக் கயிற்றில் கட்டித் தொங்கவிடுங்கள். குழுவுக்கு ஒரு நிறம் இருந்தால் இன்னும் நல்லது. மிதவைக்கு நிலையான பெயர் இல்லையென்றால் எவ்வளவு நல்ல ஷீட்டும் பொய்தான் சொல்லும்.

தமிழில் தட்டச்சு செய்யத் தெரியாதவர்கள் விசைப்பலகையில் இருக்கும் ஒலிவாங்கியைத் தொட்டுத் தமிழிலேயே சொல்லலாம், எழுத்தாகிவிடும். பெயர்களில் மட்டும் கொஞ்சம் சொதப்பும். படிக்கத் தெரியாதவர்களுக்கு வாரம் ஒருமுறை கணக்கை வாய்விட்டு வாசித்துக் காட்டுங்கள். எங்கள் குழுவில் வெள்ளிக்கிழமை மாலை வாசிப்போம். தவறை முதலில் கண்டுபிடித்தது எப்போதும் பள்ளிக்கூடமே போகாத ஒரு பெரியம்மாதான், ஏனென்றால் அவர் எல்லாவற்றையும் மனதில் வைத்திருந்தார்.

இன்னொன்றையும் சொல்லத் தயக்கமாக இருக்கிறது, இருந்தாலும் சொல்கிறேன். எல்லாரும் எல்லாவற்றையும் பார்க்கும் கணக்கு வந்தால், எந்தப் பெண் எத்தனை கிலோ எடுத்தாள் என்பது ஊருக்கே தெரியும். உடம்பு சரியில்லாமல் குறைவாக எடுத்தவளை அடுத்த கூட்டத்தில் பேசுவார்கள். அதிகம் எடுத்தவளிடம் கடன் கேட்டு வருவார்கள். ஆள்வாரிக் கணக்கை அந்தந்தக் குழு மட்டும் பார்க்கட்டும். மற்றக் குழுக்களுக்குக் குழுவின் மொத்தம் தெரிந்தால் போதும். அந்தக் காலத்தில், பெப்சி நிறுவனம் வழியாக வந்ததால் எங்கள் ஊரில் இன்றைக்கும் ‘பெப்சி பாசி’ என்று சொல்கிற இந்தப் பாசி வந்த புதிதில், எடை நோட்டு எங்கள் கண்ணிலேயே காட்டப்படவில்லை. அதற்கு இது எவ்வளவோ மேல். ஆனாலும் வரம்பு வேண்டும்.

பதில்: கள ஆய்வுப் பணியாளர்

சுருக்கமாக ஒன்று. சிக்னல்தான் பெரிய தடை என்றால் கோபோ டூல்பாக்ஸ் என்ற மென்பொருளையும் பாருங்கள். நீங்கள் அமைக்கும் படிவம் கைபேசியிலேயே இறங்கி நிற்கும். இணையம் இல்லாத இடத்தில் நிரப்பி வைத்தால், இணைப்பு கிடைத்ததும் அனுப்பிக்கொள்ளும். ஒவ்வொரு படிவமும் தனிப் பதிவாகச் சேர்வதால் ஒருவர் எழுதியதை மற்றவர் அழிக்க வழியே இல்லை. கேள்விக்குப் பதிலாகப் படங்களைக் காட்டித் தொடச் சொல்லவும் முடியும். கூகுள் ஃபார்ம்ஸ் இதைவிட எளிது, ஆனால் அதை அனுப்ப இணையம் இருந்தாக வேண்டும். ஐந்து பேர் மாலையில் வீட்டில் இருந்து எழுதப்போகிறார்கள் என்றால், அக்கா சொன்ன நோட்டும் ஒரு ஷீட்டுமே போதும் என்பதுதான் என் கருத்து. கருவியைப் பெரிதாக்கினால் அதைக் கற்றுக்கொடுப்பதே தனி வேலையாகிவிடும்.

மீண்டும் வடகடல் கணக்கர்

அனைவருக்கும் நன்றி. பதில் எழுத ஏழு வாரம் தாமதமானதற்கு மன்னிக்க வேண்டும். முதலில் செய்து பார்த்துவிட்டு எழுதலாம் என்று இருந்தேன்.

கீழக்கரைக் காக்கா (அண்ணன்) சொன்ன நாளேட்டு முறையை எடுத்துக்கொண்டோம். அக்கா சொன்னபடி களத்தில் ஐந்து நோட்டுகள் கிடக்கின்றன, பேனாக்களும் கயிற்றில்தான். ஆள்வாரிக் கணக்கை மறைப்பதில் ஒரு சிக்கல் வந்தது: ஒரே கோப்பில் ஒரு தாளை மற்றவர் கண்ணுக்குத் தெரியாமல் உறுதியாக மறைக்க முடியவில்லை, மறைத்த தாளைத் திருத்தும் உரிமை உள்ள எவரும் திறந்துவிடலாம். ஆகவே குழுவுக்கு ஒரு கோப்பாகப் பிரித்து, மொத்தத்தை மட்டும் பொதுக்கோப்பு இழுத்துக்கொள்ளும்படி வைத்தேன். இதற்கு இரண்டு இரவுகள் செலவாயின. மிதவைக்கு எண் பொறிக்கும் வேலை இன்னும் முடியவில்லை. 700 சொச்சம் ஆகியிருக்கிறது.

எதிர்பாராத ஒரு கோளாறை மட்டும் மற்றவர்களுக்குப் பயன்படும் என்று விவரமாக எழுதுகிறேன். ஜூலை 5 அன்று கட்டிய மிதவைக்கு ஒரு பெண் 5/7 என்று எழுதினார். மறுநாள் அந்த வரிசை சிவப்பாகி, ஜூன் 21-லேயே அறுத்திருக்க வேண்டும் என்று காட்டியது. குழுவில் பதற்றம், நேற்றுக் கட்டியதை எப்படி அறுப்பது என்று கேட்டு வந்துவிட்டார்கள். ஷீட் அமெரிக்க முறையில் மாதத்தை முதலில் வைத்துப் படித்து, ஜூலை 5-ஐ மே 7 என்று எடுத்துக்கொண்டிருந்தது. அதைவிட மோசம், 13/7 என்று எழுதியதைத் தேதியாகவே எடுத்துக்கொள்ளாமல் வெறும் எழுத்தாக விட்டுவிட்டது. அதற்குக் கணக்கும் வரவில்லை, சிவப்பும் வரவில்லை. அமைப்புகளில் நாட்டை இந்தியா என்று மாற்றியதும் புதிதாக எழுதுபவை சரியாகின. ஏற்கெனவே தவறாகப் பதிந்தவற்றை நோட்டுப் பக்கத்தின் படத்தை வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகத் திருத்தினேன். நோட்டு இல்லாதிருந்தால் எது மே, எது ஜூலை என்று கண்டுபிடித்திருக்கவே முடியாது. புதிதாகத் தொடங்குபவர்கள் முதல் வரிசையை எழுதுவதற்கு முன்பே இதைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

விதைக்கடன் சண்டை இதுவரை இல்லை. ஆனால் சென்ற வாரம் மூன்று மிதவைகள் நங்கூரக் கயிறு அறுந்து அடித்துக்கொண்டு போய்விட்டன. ஒன்று வேறொரு குழுவின் மிதவைகளுக்கு நடுவே போய்ச் சிக்கி, அவர்களே அதை அறுத்துக் காயப்போட்டுவிட்டார்கள். அவர்களுக்கு அது கிடைத்த பாசி, இவர்களுக்கு அது போன பாசி. நான்கு செயல்களில் எதிலும் இது அடங்கவில்லை. ஐந்தாவதாக ஒன்றைச் சேர்த்தால் அதற்கு என்ன பெயர் வைப்பது, எந்தக் குழு எழுதுவது என்று வெள்ளிக்கிழமைக் கூட்டத்தில் பேச இருக்கிறோம். படகு வலைகள் அறுந்து போனால் உங்கள் துறையில் எப்படி எழுதுகிறீர்கள், பாம்பன் ஐயா?